கல்வெட்டின் கீழ்ப்பாதி

நான் நடத்தும் பாடத்துக்கு மாணவர்கள் வைத்திருக்கும் பெயர் தூக்க பீரியட். பழைய காலத்தில் இந்த மண்ணில் வழக்கை யார் கேட்டார்கள், எதைச் சாட்சியாக ஒப்புக்கொண்டார்கள், என்ன தண்டனை கொடுத்தார்கள் என்பதுதான் பாடம். சட்டக் கல்லூரியில் அது விருப்பப் பாடம். மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு போடுவார்கள். பன்னிரண்டு வருடமாக அங்கே கௌரவ விரிவுரையாளராக இருக்கிறேன். அந்தப் பதவியில் கௌரவம் என்ற சொல்லைத் தவிர வேறு கௌரவம் எதுவும் கிடையாது.

என் ஆராய்ச்சி கல்வெட்டுகளில் பதிவான தீர்ப்புகளைப் பற்றியது. சென்னைக்கு உள்ளேயும் தெற்கே கடற்கரையோரமாகவும் உள்ள சின்னச் சின்னக் கோயில்களின் சுவர்களில் எழுதியிருப்பதைப் படித்துப் படித்தே என் முப்பதுகள் போய்விட்டன. கல்யாணம் செய்துகொள்ளவில்லை. மயிலாப்பூரிலிருந்து சாந்தோமுக்குப் போகும் ஒரு சந்தில், மாடியில் ஒற்றை அறையும் சமையலறையும் வாடகைக்கு எடுத்திருக்கிறேன்.

அங்கிருந்து ஐந்து நிமிடம் நடந்தால் ஒரு மீனவர் குப்பம். குப்பத்துக்கும் ரோட்டுக்கும் நடுவில் ஒரு மணல் பரப்பு இருந்தது. ஒரு பக்கம் வலை காய்ந்துகொண்டிருக்கும், இன்னொரு பக்கம் பெண்கள் பலகை போட்டு மீன் விற்பார்கள். அதில் முதல் பலகை, நான் அக்கா என்று கூப்பிடும் பெண்ணுடையது. ஐம்பது வயதுக்கு மேல் இருக்கும். கழுத்தில் கறுப்புக் கயிற்றில் ஒரு சின்னச் சிலுவை. வீட்டுக்காரர் கடலுக்குப் போன இடத்தில் படகு கவிழ்ந்து இறந்து வெகுகாலம் ஆகியிருந்தது. ஞாயிற்றுக்கிழமைகளில் அவளிடம்தான் சங்கரா மீன் வாங்குவேன். செதிலைச் சீவியபடியே பேச்சுக் கொடுப்பாள்.

"இன்னாத்ததான் டீச்சர் இத்தினி வருசமா பட்ச்சிக்கினு கீற?" என்று ஒருநாள் கேட்டாள்.

சொன்னேன். ஒரு ஊரில் வேட்டைக்குப் போன ஒருவன் மான் என்று நினைத்து அம்பு விட்டதில் இன்னொரு மனிதன் செத்துப்போனான். ஊர்ச் சபை கூடி, தெரியாமல் செய்தது என்பதால் உயிருக்கு உயிர் கேட்க வேண்டாம், கோயிலில் ஒரு விளக்கு அணையாமல் எரிய ஆடுகள் கொடுத்துவிடட்டும் என்று தீர்த்தது. இப்படிப் பல கல்வெட்டுகள் உண்டு. வகுப்பில் இதைச் சொல்லும்போது எனக்கே ஒரு பெருமிதம் வரும். எண்ணிப் பார்த்துத் தண்டித்திருக்கிறார்கள் பாருங்கள் என்பேன்.

அக்கா கத்தியை நிறுத்தினாள். "செத்தான் பாரு, அவன் பொண்டாட்டிக்கு இன்னா குட்த்தாங்க?"

"அது எழுதலக்கா."

"எழுதல இன்னா எழுதல. ஒண்ணும் குட்த்திருக்க மாட்டாங்க."

அத்தனை வருடத்தில் ஒரு மாணவன்கூடக் கேட்காத கேள்வி. நானும் கேட்டுக்கொண்டதில்லை. அவள் முகம் போன போக்கைப் பார்த்து, சமாதானமாக ஏதாவது சொல்ல வேண்டும் என்று தோன்றியது. அப்போதுதான் அந்தத் தவறைச் செய்தேன்.

"உங்க ஆளுங்களும் கல்லுல இருக்காங்கக்கா. அடையாறு போற வழியில ஒரு சின்னக் கோயில் இருக்கே, அந்தச் சுவர்ல இந்த மணலைப் பத்தியே எழுதியிருக்கு. வலை உலர்த்தற மணல்னு. எண்ணூறு வருஷத்துக்கு முன்னாடி."

நான் சொன்னது பொய் இல்லை. கோயிலுக்கு யாரோ நிலம் கொடுத்திருக்கிறார்கள். நிலத்தின் நான்கு எல்லையையும் சொல்லும்போது, கிழக்கே வலைக்காரர்கள் வலை உலர்த்தும் மணல் என்று ஒரு குறிப்பு வருகிறது. ஆறு வரி. அதற்குக் கீழே பிற்காலத்தில் கட்டிய செங்கல் சுவர் ஒன்று மறைத்திருந்தது. பல வருடங்களுக்கு முன் தொல்லியல் துறையினர் எடுத்த மைப்படியிலும், அதாவது கல்லின்மேல் தாளை ஒட்டி மை ஒற்றி எடுக்கும் படியிலும், அந்த ஆறு வரிதான் இருக்கிறது.

அக்கா என்னைப் பார்த்த பார்வையை மறக்க முடியவில்லை. "எங்க ஆளுங்களா? கல்லுலயா?" என்றாள். அன்றைக்குச் சங்கராவோடு இரண்டு கை இறாலும் அள்ளிப் போட்டாள்.

அடுத்த மழைக்காலம் முடியும்போது மணலைச் சுற்றித் தகர வேலி வந்துவிட்டது. நிலம் தன்னுடையது என்று ஒருவர் பத்திரத்தோடு வந்தார். அவருடைய பாட்டனாருக்கு அந்த இடம் கோயிலிடமிருந்து பரிமாற்றமாக வந்ததாம். குப்பத்து ஆட்கள் கோர்ட்டுக்குப் போனார்கள். நிலம் யாருடையதாகவும் இருக்கட்டும், வலை உலர்த்தவும் மீன் விற்கவும் எங்களுக்குத் தலைமுறை தலைமுறையாக உரிமை உண்டு என்பதுதான் வழக்கு. இதைச் சட்டத்தில் வழக்காற்று உரிமை என்பார்கள். நினைவுக்கு எட்டாத காலம் தொட்டு அனுபவித்து வந்தோம் என்று நிரூபிக்க வேண்டும். யாருடைய தயவிலும் அனுபவிக்கவில்லை என்றும் நிரூபிக்க வேண்டும். அனுமதி வாங்கி அனுபவித்தது எத்தனை நூற்றாண்டு ஆனாலும் உரிமை ஆகாது.

அக்கா நேரே என் வீட்டு மாடிக்கு ஏறி வந்தாள். அதுவரை வந்ததில்லை.

"டீச்சர், அந்தக் கல்லப் பத்தி வக்கீலாண்ட வந்து சொல்லு. எங்காளுங்க ஒருத்தனும் நம்ப மாட்டேங்கிறான். இவ இன்னாவோ கல்லு புல்லுன்னு ஒளர்றான்னு சிரிக்கிறானுங்க."

வக்கீல் தி. நகரில், உஸ்மான் ரோட்டுக்குப் பின்னால் ஒரு மாடியில் இருந்தார். கீழே பாத்திரக் கடை. வழக்கு முழுவதையும் இலவசமாக எடுத்துக்கொண்டிருந்தார். ஆறு வரியின் மைப்படியைப் பார்த்ததும் நாற்காலியிலிருந்து எழுந்துவிட்டார். "மேடம், நினைவுக்கு எட்டாத காலம்னு சும்மா வாயால சொல்லிட்டிருந்தோம். நீங்க அதைக் கையில கொடுத்திருக்கீங்க." நான் சாட்சியாக வருவதென்றும் முடிவாயிற்று. பிரமாண வாக்குமூலத்தில் கையெழுத்துப் போட்டேன். வெளியே வந்ததும் அக்கா ஜிகர்தண்டா வாங்கிக் கொடுத்தாள். அவ்வளவு நெரிசலில், பைகளோடு இடித்துப் போகும் கூட்டத்தில் நின்று குடித்தோம். என் படிப்பு ஒரு மனுஷிக்குப் பயன்படுகிறது என்று அன்றைக்கு நினைத்தேன். என் வாழ்க்கையில் அப்படி நினைத்த நாட்களை ஒரு கையில் எண்ணிவிடலாம்.

வழக்கு விசாரணைக்கு வருமுன் அந்தக் கோயிலில் திருப்பணி தொடங்கியது. செங்கல் சுவரை இடித்துவிட்டார்கள் என்று கோயில் வாசலில் பூக்கட்டும் பெண் சொல்லித்தான் தெரியும். காலை ஆறரை மணிக்கே போய்விட்டேன். வெயில் பக்கவாட்டில் விழும்போதுதான் தேய்ந்த எழுத்து கண்ணுக்குப் பிடிபடும். சுண்ணாம்பை ஈரத்துணியால் துடைத்தேன். கீழே இன்னும் ஒன்பது வரிகள் இருந்தன.

அந்த ஒரு மணி நேரம் நான் எவ்வளவு சந்தோஷமாக இருந்தேன் என்பதைச் சொல்லவே வெட்கமாக இருக்கிறது. யாரும் படிக்காத ஒன்பது வரிகள். அதுவும் ஒரு தீர்ப்பு. என் துறையில் ஒருத்திக்கு ஆயுளில் ஒருமுறை வாய்ப்பது. தரையில் மண்டியிட்டு, எழுத்தெழுத்தாக நோட்டில் எழுதினேன். போனில் படமும் எடுத்தேன். பாதிக்கு மேல் போன பிறகுதான் என்ன படிக்கிறேன் என்பதே மண்டையில் ஏறியது.

மணல் யாருக்கு என்று ஒரு தகராறு வந்திருக்கிறது. சபை கூடியிருக்கிறது. மணலும் கோயிலுக்கே என்று தீர்த்திருக்கிறார்கள். வலைக்காரர்கள் அங்கே வலை உலர்த்திக்கொள்ளலாம், சபை வேண்டாம் என்று சொல்லும் வரைக்கும். எல்லைக் கல்லைப் பிடுங்கிப் போட்ட வலைக்காரன் ஒருவன் தண்டமாக ஒரு விளக்குக்கு எண்ணெய் அளக்க வேண்டும். கடைசி இரண்டு வரியில் சபையில் உட்கார்ந்து தீர்த்தவர்களின் பட்டியல். அதில் வலைக்காரர் ஒருவர்கூட இல்லை.

எதிர்த்தரப்பின் வாதத்தில் ஒரே ஓட்டைதான் இருந்தது. கோயிலிடமிருந்து நிலம் வந்தது சரி, கோயிலுக்கு அது எப்படி வந்தது என்பதற்கு அவர்களிடம் ஒரு துண்டுக் காகிதம் இல்லை. அந்தக் காகிதம் என் கண் எதிரே கல்லில் இருந்தது. அதோடு, குப்பத்து ஆட்களுக்கு இருந்தது உரிமை இல்லை, அனுமதி என்பதும்.

எழுந்து நின்றபோது முழங்கால் இரண்டும் சிவந்திருந்தன. மூலையில் ஒரு கம்ப்ரசர் வண்டி நின்றது. பக்கத்தில் மணல் மூட்டைகள். எனக்கு அது என்னவென்று நன்றாகத் தெரியும். சுவர் பளபளவென்று ஆக வேண்டும் என்று மணலைக் காற்றழுத்தத்தில் பீய்ச்சி அடிப்பார்கள். சுண்ணாம்போடு எழுத்தும் போய்விடும். அப்படிச் செய்யக் கூடாது என்று தடை உண்டு. ஆனாலும் செய்வார்கள். அதற்கு முன் மூன்று கோயில்களில் இப்படி நடக்கவிருந்தபோது நான்தான் தொல்லியல் துறைக்குப் போன் செய்து, ஆபீஸ் ஆபீஸாக ஏறி இறங்கி, இரண்டை நிறுத்தியிருக்கிறேன். மூன்றாவது போனதற்கு ஒரு வாரம் சாப்பாடு இறங்காமல் கிடந்திருக்கிறேன்.

மேஸ்திரி டீ குடித்துக்கொண்டிருந்தார். "எப்பண்ணா ஆரம்பிப்பீங்க?" என்று கேட்டேன்.

"திங்கக்கெழமம்மா. இந்தப் பக்கம்தான் மொதல்ல."

சரி என்று சொல்லிவிட்டு வந்துவிட்டேன். அன்று வியாழக்கிழமை. இடையில் மூன்று நாட்கள். போன் கையிலேயே இருந்தது.

வெள்ளிக்கிழமை வக்கீலிடம் போய்ச் சொன்னேன். அவர் நோட்டைக் கையால் தொடவில்லை.

"மேடம், நீங்க கோயிலுக்குப் போனீங்களான்னு நான் கேக்கல. நீங்களும் ஒண்ணும் சொல்லல. நம்ம கையில இருக்கிறது அரசாங்கத்து மைப்படி. அதுல ஆறு வரிதான்."

"கோர்ட்ல கேட்டா?"

"கேட்டாப் பாத்துக்கலாம். அந்த ஆளுங்களுக்கு வேற என்ன இருக்கு, சொல்லுங்க? நீங்க ஒரு வார்த்தை ஜாஸ்தி சொன்னீங்கன்னா நாளைக்கு அம்பது பொம்பளைங்க நடுத்தெருவுல."

திங்கட்கிழமை நான் கல்லூரிக்குப் போனேன். அன்றைய பாடம் பழைய நூல்களில் சாட்சி. சபையில் பொய் சொல்கிறவனுக்கு உள்ள பாவம், உண்மை தெரிந்தும் பேசாமல் இருக்கிறவனுக்கும் உண்டு என்று அந்த நூல்கள் சொல்கின்றன. தேர்வில் ஐந்து மார்க் கேள்வியாக அதை வருடா வருடம் கேட்பேன். அதையும் நடத்தினேன். குரல்கூட மாறவில்லை. சாயங்காலம் கோயில் வழியாகப் போகாமல் சுற்றிக்கொண்டு வீட்டுக்கு வந்தேன். ஒரு வாரம் கழித்துப் போய்ப் பார்த்தபோது சுவர் புதுக் கல் மாதிரி வெளுத்துக் கிடந்தது. மேலே இருந்த ஆறு வரியும் போயிருந்தது.

என்னைச் சாட்சிக் கூண்டில் ஏற்றியது அதற்கு எட்டு மாதம் கழித்து. அக்கா நீலப் புடவை கட்டிக்கொண்டு பின்னால் நின்றாள். வேறு நான்கைந்து பெண்களும் வந்திருந்தார்கள். எதிர்த்தரப்பு வக்கீல் வயதானவர், மரியாதையாகப் பேசினார்.

"இந்த ஆறு வரிக்குக் கீழே எழுத்து இருந்ததா, அம்மா?"

"மைப்படி எடுத்த காலத்துல கீழே ஒரு சுவர் மறைச்சிருந்தது."

"இப்போ அந்தச் சுவரை இடிச்சாச்சே?"

"ஆமா. இப்போ அங்க எழுத்து எதுவும் இல்லை. வெறும் கல்தான்."

இரண்டும் உண்மை. ஒரு எழுத்துகூடப் பொய் இல்லை. நடுவில் ஒரு வியாழக்கிழமைக் காலை இருந்ததை அவர் கேட்கவில்லை. கேட்டிருந்தால் என்ன சொல்லியிருப்பேன் என்று எனக்குத் தெரியாது. அவர் தலையை ஆட்டிவிட்டு உட்கார்ந்தார். பின்னாலிருந்து அக்கா என்னைப் பார்த்துச் சிரித்தாள்.

வழக்கு தோற்றுவிட்டது. ஒரு நிலத்துக்கு எல்லை சொல்லும்போது பக்கத்தில் இன்னது இருக்கிறது என்று குறிப்பிட்டால் அது உரிமைக்குச் சான்று ஆகாது. வலை உலர்த்தினார்கள் என்பது தெரிகிறது, எந்த உரிமையில் உலர்த்தினார்கள் என்பது தெரியவில்லை என்று நீதிபதி எழுதியிருந்தார். என் சாட்சியத்துக்கு மொத்தம் நான்கு வரி. நான் பாதுகாத்த ஆறு வரியால் ஒரு பயனும் இல்லை. நான் மறைத்த ஒன்பது வரி வெளியே வந்திருந்தாலும் இதே முடிவுதான். என்னையும் வக்கீலையும் தவிர வேறு யாருக்கும் எதுவும் தெரியாது, எதுவும் மாறவும் இல்லை. அப்பீல் போட்டிருக்கிறோம் என்றார் வக்கீல். குரலில் ஒன்றுமே இல்லை.

தீர்ப்பு வந்த வாரமே வேலிக்குள் ஜேசிபி இறங்கியது. பெண்கள் ரோட்டோரம் பலகை போட்டார்கள். அங்கிருந்தும் எழுப்பிவிட்டார்கள். அக்கா கொஞ்ச நாள் கூடையைத் தூக்கிக்கொண்டு தெருத் தெருவாக வந்தாள். ஒரு ஞாயிற்றுக்கிழமை என் வீட்டுப் படியில் கூடையை இறக்கியபோது, இனியும் தாங்காது என்று எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். கீழே இருந்த ஒன்பது வரி, கம்ப்ரசர், போன் செய்யாதது, கூண்டில் சொன்ன இரண்டு பதில்கள்.

திட்டுவாள் என்று எதிர்பார்த்தேன். உண்மையைச் சொன்னால், திட்ட வேண்டும் என்று ஆசைப்பட்டேன். அவள் முந்தானையால் கழுத்தைத் துடைத்துக்கொண்டு கேட்டாள்.

"அப்பவும் நம்மாளு ஒருத்தன்கூட அங்க குந்தல, இல்ல?"

"இல்லக்கா."

"எண்ணூறு வருசமா?"

அவள் கூடையில் மீனை மூடியிருந்த ஈரச் சாக்கை இழுத்துவிட்டாள்.

"அந்தக் கல்லப் புடுங்கிப் போட்டான்னியே, அவன் பேரு எழுதிகீதா?"

எழுதியிருந்தது. பெயரைச் சொன்னேன். அவள் அதை வாய்க்குள் ஒருமுறை சொல்லிப் பார்த்தாள். "அவனாச்சும் புடுங்கினான்" என்றாள். பிறகு கூடையைத் தூக்கித் தலையில் வைக்கச் சொன்னாள். ஒரு கை பிடித்துத் தூக்கிவிட்டேன். அன்றைக்கு அவள் மீன் தரவில்லை, நானும் கேட்கவில்லை.

அந்த ஒன்பது வரியை நான் இன்றுவரை எங்கும் வெளியிடவில்லை. வெளியிட்டால் எப்போது படித்தாய் என்ற கேள்வி வரும். வழக்கு அப்பீலில் கிடக்கிறது. என் கட்டுரையைத்தான் எதிர்த்தரப்பு முதல் ஆவணமாகக் கொண்டுபோய் வைக்கும். வெளியிடாவிட்டால் அப்படி ஒரு சபை கூடியது, அப்படி ஒருவன் கல்லைப் பிடுங்கினான், அதற்காகத் தண்டனை பெற்றான் என்பதெல்லாம் என் போனிலும் ஒரு நோட்டிலும் மட்டும்தான். அதைக் கல்லில் படித்த சாட்சி நான் ஒருத்திதான். வெளியிடும் தைரியம் எனக்கு இல்லை. கிழித்துப் போடவும் முடியவில்லை. படிப்பதற்காகவே வாழ்ந்தேன் என்று சொல்லிக்கொள்வேன். படித்ததில் மிக முக்கியமானதை அழிய விட்டவளும் நான்தான்.

பாடத்தையும் அடுத்த கல்வியாண்டில் எடுத்துவிட்டார்கள். அந்த வருடம் விருப்பப் பாடமாக அதைத் தேர்ந்தெடுத்தவர் ஒருவர்தான், அவரும் பிறகு மாற்றிக்கொண்டார். எனக்கு இப்போது ஒப்பந்தச் சட்டம் கொடுத்திருக்கிறார்கள். மாணவர்கள் தூங்குவதில்லை.

போன மாதம் தி. நகரில் ஒரு பெரிய ஜவுளிக் கடைக்குப் போயிருந்தேன், தங்கை மகள் கல்யாணத்துக்குப் புடவை எடுக்க. இரண்டாவது மாடிக்குப் போகும் படிக்கட்டில் சாம்பல் நிறச் சட்டை போட்ட ஒரு பெண்மணி மாப் போட்டுத் துடைத்துக்கொண்டிருந்தாள். நிமிர்ந்தபோதுதான் அக்கா என்று தெரிந்தது. மெலிந்திருந்தாள்.

"அக்கா, இங்கேயா?"

"ம். ஏழு மாசமாச்சு" என்றாள். கீழே சூப்பர்வைசர் நிற்கிறானா என்று பார்த்துக்கொண்டாள்.

"எப்படி இருக்கீங்க?"

அவள் நான் நின்ற படியைப் பார்த்தாள்.

"கொஞ்சம் நவுந்துக்கோ டீச்சர். ஈரமா கீது, வழுக்கும்."

நகர்ந்தேன். எனக்குப் பின்னால் ஏறி வந்த கூட்டம் எங்கள் இருவருக்கும் நடுவில் புகுந்தது. அவள் குனிந்து, நான் நின்ற இடத்தையும் துடைத்துவிட்டு, அடுத்த படிக்கு இறங்கினாள்.